சாட்சிகளை நம்பாத வீணைக் கலைஞர்

1954ஆம் ஆண்டு தமிழ்ப் புத்தாண்டை ஒட்டி, ஏப்ரல் 13 அன்று 'அந்த நாள்' திரைப்படம் வெளியானது. அதை இயக்கிய வீணை எஸ். பாலசந்தர், 36 ஆண்டுகள் கழித்து, 1990இல் அதே ஏப்ரல் 13 அன்று, வீட்டிலிருந்து வெகுதொலைவில் பிலாய் நகரில் காலமானார். தற்செயல்களுக்குப் பொருள் தேடும் வழக்கம் எனக்கில்லை. ஆனால் அந்தப் படத்தால் தென்னூரில் எங்கள் வீட்டில் ஒரு மனவருத்தம் நேர்ந்தது. அதற்குக் காரணமானவன் நான். ஆகவே ஒவ்வோர் ஆண்டும் சித்திரை பிறக்கும்போது இந்த மனிதர் என் நினைவுக்கு வந்துவிடுகிறார்.

எண்பதுகளின் இறுதியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை மாலை, தொலைக்காட்சியில் 'அந்த நாள்' ஒளிபரப்பானது. கூடத்தில் வீடே கூடியிருந்தது. கதை 1943 அக்டோபர் 11ஆம் தேதி இரவு, ஜப்பானிய விமானம் சென்னை மீது குண்டு வீசியதை ஒட்டி நடக்கிறது. அதைக் கேட்டதும் பாட்டி நிமிர்ந்து உட்கார்ந்தார். அந்தக் குண்டுச் சத்தத்தைத் தன் காதால் கேட்டதாகவும், மயிலாப்பூர் வீட்டின் ஜன்னல்கள் அதிர்ந்ததாகவும், மறுநாளே டிரங்குப் பெட்டியுடன் திருச்சிக்கு ரயிலேறியதாகவும் சொல்லத் தொடங்கினார். நாங்கள் பலமுறை கேட்ட கதைதான். அன்றுதான் எனக்கு முதன்முறையாக ஒரு கணக்கு உறுத்தியது. என் சித்தப்பா தென்னூர் வீட்டில் பிறந்தது 1942 ஆவணியில். அப்படியென்றால் பாட்டி சென்னையை விட்டுக் கிளம்பியது குண்டு விழுவதற்கு ஓராண்டுக்கும் முன்பு. கல்லூரியில் படித்துக்கொண்டிருந்த மிதப்பில், எல்லோர் முன்னிலையிலும் இதைச் சொன்னேன். பாட்டி எதுவும் பேசவில்லை. அதற்குப் பிறகு அந்தக் கதையை அவர் ஒருநாளும் சொல்லவில்லை.

திரையில் அப்போது ஓடிக்கொண்டிருந்ததும் இதே கதைதான் என்பது எனக்கு உறைக்கப் பல ஆண்டுகள் ஆயின.

பாலசந்தர் 1927 ஜனவரி 18 அன்று சென்னை மயிலாப்பூரில் பிறந்தார். தந்தை சுந்தரம் ஐயருக்குக் கலைகளில் பெரும் ஈடுபாடு. ஊருக்குப் புதிதாக எந்தக் கலைஞர் வந்தாலும் அந்த வீட்டில் வரவேற்பு உண்டு. அண்ணன் எஸ். ராஜம் பிற்காலத்தில் பாடகராகவும், சங்கீத மும்மூர்த்திகளின் உருவங்களைத் தீட்டிய ஓவியராகவும் புகழ்பெற்றார். பிரபாத் நிறுவனம் 1934இல் 'சீதா கல்யாணம்' படத்தைத் தமிழில் எடுத்தபோது ராஜம் ராமராகவும், சகோதரி ஜெயலட்சுமி சீதையாகவும், தந்தை ஜனகராகவும் நடித்தனர். உடன்பிறந்தவர்களே ராமனும் சீதையுமாக நடித்தது அந்நாளில் பலரை முகம் சுளிக்க வைத்தது. இராவணன் சபையில் கஞ்சிரா வாசிக்கும் சிறுவனாக ஒரு காட்சியில் பாலசந்தரும் தோன்றினார். ஆக, கேமராவின் முன்னால் அவர் முதலில் நின்றது பள்ளிக்குச் செல்லும் வயதில், கையில் கஞ்சிராவுடன்.

கஞ்சிராவில் தொடங்கிய கை தபேலா, ஹார்மோனியம், தில்ரூபா, சிதார் என்று ஒவ்வொன்றாகத் தொட்டது. யாரும் சொல்லித்தரவில்லை. சதுரங்கத்திலும் அவர் சிறு வயதிலேயே தேர்ந்தவர். பதின்வயதில் சென்னை வானொலி நிலையத்தில் கலைஞராகச் சேர்ந்தார். பிறகு வீணையைக் கையில் எடுத்தார், அதையும் தாமாகவே கற்றார். கர்நாடக இசையில் இது சாதாரணச் செய்தியல்ல. அங்கே ஒரு கலைஞரை அறிமுகப்படுத்தும்போது அவர் யாருடைய சிஷ்யர் என்பதே முதல் வரி. குருவின் நினைவிலிருந்து சிஷ்யனின் நினைவுக்கு, அவனிடமிருந்து அடுத்தவனுக்கு என்றுதான் அந்த இசை வந்துசேர்ந்திருக்கிறது. ஏடுகள் இருந்தாலும் அவை துணைக்குத்தான். அந்தச் சங்கிலியில் எந்தக் கண்ணியோடும் பாலசந்தர் இணைந்திருக்கவில்லை. தமக்கு குரு இல்லை என்பதை அவர் குறையாகக் கருதவில்லை, பெருமையாகவே சொல்லிக்கொண்டார். இதைச் சற்று அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. அவருடைய சினிமாவையும், பிற்காலத்தில் அவர் போட்ட சண்டைகளையும் புரிந்துகொள்ள இதுவே எனக்குத் திறவுகோலாக இருந்திருக்கிறது.

சினிமாவுக்கு அவர் இளமையிலேயே வந்துவிட்டார். 1948இல் 'இது நிஜமா' படத்தில் இரட்டை வேடத்தில் நடித்து இசையும் அமைத்தார். அதே ஆண்டில் 'என் கணவர்', 1951இல் 'கைதி' ஆகிய படங்களை இயக்கினார். 1954இல் வந்த 'பெண்' படத்தில் வைஜயந்திமாலாவுடன் நடித்ததைப் பலர் இன்றும் நினைவில் வைத்திருப்பார்கள். இவற்றைப் பற்றி இங்கே நீட்டி எழுத வேண்டியதில்லை. திருப்புமுனை 1952இல் வந்தது.

இந்தியாவின் முதல் சர்வதேசத் திரைப்பட விழா அந்த ஆண்டில் நடந்தது. அகிரா குரோசவாவின் 'ரஷோமோன்' அதில் திரையிடப்பட்டது. ஒரு கொலை, அதைப் பற்றி நால்வர் சொல்லும் நான்கு கதைகள், எது உண்மை என்று சொல்லாமலே முடியும் படம். அதைப் பார்த்த பாலசந்தர் அதே உத்தியில் ஒரு நாடகம் எழுதி வானொலிக்கு அனுப்பினார் என்பதும், அது நிராகரிக்கப்பட்டது என்பதும் திரைப்பட வரலாற்றாளர்கள் பதிவு செய்திருக்கும் செய்தி. அந்தோணி ஆஸ்குவித் இயக்கிய 'தி வுமன் இன் கொஸ்டின்' என்ற பிரிட்டிஷ் படத்தின் சாயல் 'அந்த நாள்' படத்தில் அதிகம் என்று சொல்வோரும் உண்டு. இரண்டுமே இருக்கலாம். எங்கிருந்து பெற்றார் என்பதைவிட, பெற்றதை என்ன செய்தார் என்பதே எனக்கு முக்கியமாகப் படுகிறது.

பாட்டே இல்லாத படம் எடுக்க வேண்டும் என்று ஏவி. மெய்யப்பனிடம் போய் நின்றார். ஒரு படத்துக்குப் பத்துப் பாடல்கள் என்பது குறைந்தபட்சமாக இருந்த காலம் அது. அதிலும் கேட்டவர் ஓர் இசைக்கலைஞர். தயங்கிய மெய்யப்பன் கடைசியில் ஒப்புக்கொண்டார். ஜாவர் சீதாராமன் கதை வசனம் எழுதி, துப்பறியும் அதிகாரி சிவானந்தமாகவும் நடித்தார். எஸ். மாருதிராவின் ஒளிப்பதிவு, தமிழ்ப் படங்களில் அதுவரை கண்டிராத இருட்டை இருட்டாகவே விட்டுவைத்தது. கதாநாயகன் வேடத்தில் வேறு நடிகர்களை வைத்துப் படமெடுத்து, நிறைவு வராமல், கடைசியில் சிவாஜி கணேசன் அழைக்கப்பட்டார். எடுத்ததைத் தூக்கியெறிந்து மீண்டும் எடுப்பதற்கு பாலசந்தர் இணங்கவில்லை. தயாரிப்பாளருக்கும் இயக்குநருக்கும் இடையே முறிவு வரை போய், பிறகு இயக்குநர் இறங்கிவந்தார். அவர் வாழ்க்கையில் இறங்கிவந்த தருணங்கள் மிகச் சில. இதில் இறங்கிவந்தது தமிழ் சினிமாவின் நல்ல காலம்.

சிவாஜி எங்கள் ஊர்க்காரர் என்று சொல்லிக்கொள்ளத் திருச்சிக்காரர்களுக்கு உரிமை உண்டு. சங்கிலியாண்டபுரத்தில் வளர்ந்து, இங்கிருந்தே நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். 'பராசக்தி' வெளிவந்து ஒன்றரை ஆண்டுதான் ஆகியிருந்தது. அந்தக் குரலைக் கேட்கக் கூட்டம் கூட்டமாகப் போனவர்களுக்குத் திரையில் கிடைத்தது, படம் தொடங்கியவுடனே சுடப்பட்டுச் செத்து விழும் ஒரு சிவாஜி. பாடலும் இல்லை. என் தந்தை அப்போது பார்த்தவர். பாட்டு எப்போது வரும் என்று பக்கத்து இருக்கைக்காரர் இடைவேளை வரை கேட்டுக்கொண்டே இருந்தாராம். படம் முதல் வெளியீட்டில் வசூலில் சோபிக்கவில்லை. பின்னர் தேசிய விருதுகளில் தகுதிச் சான்றிதழ் பெற்றது.

கொல்லப்பட்டவன் ராஜன், வானொலிப் பொறியாளன். விசாரிக்கப்படுவோர் ஐவர்: பக்கத்து வீட்டு சின்னையா பிள்ளை, ராஜனின் தம்பி பட்டாபி, தம்பி மனைவி ஹேமா, ராஜனோடு தொடர்புடைய அம்புஜம், பண்டரிபாய் நடித்த மனைவி உஷா. ஒவ்வொருவரும் தாம் கண்டதையும் கேட்டதையும் சொல்கிறார்கள், ஒவ்வொருவரின் விரலும் இன்னொருவரை நோக்கி நீள்கிறது. இங்கேதான் பாலசந்தரின் நுட்பம் இருக்கிறது. சாட்சி சொல்வதை நாம் வெறுமனே கேட்பதில்லை, கண்ணால் பார்க்கிறோம். திரையில் பார்த்தால் அது நடந்தது என்பதுதான் அதுவரை தமிழ் ரசிகன் பழகியிருந்த ஒப்பந்தம். பழைய நினைவு காட்டப்படும்போது அதைச் சந்தேகிக்க வேண்டும் என்று யாரும் அவனுக்குச் சொன்னதில்லை. 'அந்த நாள்' அந்த ஒப்பந்தத்தை முறித்தது. கேமராவே ஒரு தரப்பின் சாட்சியாக மாறியது. ஒருவர் நினைவில் அன்பான அண்ணனாக இருப்பவன் இன்னொருவர் நினைவில் கல்நெஞ்சனாகிறான். ஐவரில் பலர் வேண்டுமென்றே பொய் சொல்வதில்லை. தத்தம் மனக்குறையின் வழியாக அந்த இரவை நினைவுகூர்கிறார்கள், அவ்வளவுதான்.

கொலையாளி யார் என்பதை 70 ஆண்டுகள் கடந்தும் இங்கே நான் எழுதப்போவதில்லை. பார்க்காதவர்கள் இன்னும் இருக்கிறார்கள். ஆனால் ஒன்றைச் சொல்லலாம்: குரோசவா விட்டதைப் போல பாலசந்தர் உண்மையை அந்தரத்தில் விடவில்லை. சிவானந்தம் துருவித் துருவிக் கண்டுபிடித்துவிடுகிறார். இதைப் படத்தின் பலவீனமாகக் கருதும் விமர்சகர்கள் உண்டு, வணிக சினிமாவுக்காகச் செய்துகொண்ட சமரசம் என்பார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. நினைவு ஏமாற்றும், ஆனால் உண்மை எங்கோ இருக்கிறது, தடயத்தைத் தேடினால் கிடைக்கும் என்பதே அவருடைய உறுதியான நம்பிக்கை. பின்னாளில் அவர் நடந்துகொண்ட விதம் அதற்குச் சான்று.

அதன் பிறகு இயக்கிய படங்கள் சில. 1958இல் தொழிலாளர் வாழ்க்கையைப் பேசிய 'அவன் அமரன்', 1962இல் 'அவனா இவன்', 1964இல் 'பொம்மை'. உள்ளே வெடிகுண்டு வைத்த பொம்மை ஒன்று கைமாறிக் கைமாறிப் போகும் கதை அது. கே.ஜே. யேசுதாஸின் குரலைத் தமிழுக்குக் கொண்டுவந்ததும் அந்தப் படந்தான். படத்தின் முடிவில் பாலசந்தரே தோன்றி, நடிகர்களோடு திரைக்குப் பின்னால் உழைத்தவர்களையும் அறிமுகம் செய்துவைக்கிறார். பெயர் மறந்துபோகக் கூடாதே என்ற கவலை அவருக்கு இருந்திருக்க வேண்டும். அகதா கிறிஸ்டியின் நாவலைத் தழுவிய 'நடு இரவில்', எடுத்து முடித்துச் சில ஆண்டுகள் கிடப்பில் இருந்து 1970இல் வெளியானது. அத்தோடு சினிமாவிலிருந்து விலகிவிட்டார். மொத்தம் பத்துக்கும் குறைவான படங்கள்.

மீதி வாழ்க்கை வீணைக்கு. ஒரே மெட்டில் விரலை வைத்து, தந்தியை இழுத்து, அடுத்தடுத்த சுவரங்களை அங்கேயே வரவழைக்கும் வாசிப்பு அவருடையது. குரல் எப்படி ஒரு சுவரத்திலிருந்து இன்னொன்றுக்கு இடைவெளியின்றி வழுக்கிச் செல்லுமோ, அப்படி. 72 மேளகர்த்தா ராகங்களையும் வீணையில் வாசித்து ஒலிப்பதிவாக விட்டுச் சென்றார். 1982இல் பத்மபூஷண் விருது கிடைத்தது.

அதே எண்பதுகளில்தான் அந்தப் பெரும் சண்டை. திருவிதாங்கூர் மன்னர் சுவாதித் திருநாளின் பெயரில் பாடப்படும் கீர்த்தனைகள் உண்மையில் அவர் இயற்றியவை அல்ல, அப்படியொரு வாக்கேயக்காரர் பிற்காலத்தில் உருவாக்கப்பட்டவர் என்று பாலசந்தர் வாதிட்டார். ஆதாரம் எங்கே, எழுத்து எங்கே என்று கேட்டார். அந்தக் கீர்த்தனைகளை மேடைகளில் நிலைநிறுத்தியவர்களில் முதன்மையானவரான செம்மங்குடி சீனிவாச ஐயரை நேருக்கு நேர் எதிர்த்தார். கடிதங்கள், அறிக்கைகள், பத்திரிகைகளுக்கு மறுப்புகள் என்று தொடர்ந்தது. புதிய ராகங்களைப் படைத்ததாக பாலமுரளிகிருஷ்ணா கூறியதையும் அவர் சும்மா விடவில்லை. சுவாதித் திருநாள் விஷயத்தில் அவருடைய முடிவை இசையுலகம் பெரும்பாலும் ஏற்கவில்லை. அந்தக் கீர்த்தனைகள் இன்றும் அவர் பெயரிலேயே பாடப்படுகின்றன. நானும் அந்த முடிவை ஏற்கவில்லை. ஆனால் கேட்ட கேள்வி தவறானதல்ல. கேட்ட விதம் பலரைக் காயப்படுத்தியது.

ஏன் காயப்படுத்தியது என்று யோசித்தால், மீண்டும் குரு இல்லாத அந்தச் சிறுவனிடம்தான் வந்து நிற்க வேண்டியிருக்கிறது. பாட்டை ஆசானின் வாயிலிருந்து கேட்டுக் கற்றவருக்கு, அதன் மூலத்தைச் சந்தேகிப்பது ஆசானையே பொய்யர் என்பதற்குச் சமம். பாலசந்தருக்கு அந்தச் சங்கடம் இல்லை. பரம்பரையாக வந்த நினைவு அவருக்கு இன்னொரு சாட்சியம், அவ்வளவே. சிவானந்தம் பட்டாபியையும் ஹேமாவையும் எப்படி உட்கார வைத்துக் கேட்டாரோ, அப்படியே ஒரு மரபையும் உட்கார வைத்துக் கேட்டார். தம்மளவில் அவர் எந்த நினைவையும் நம்பவில்லை போலும். தமக்கு வந்த கடிதம், தம்மைப் பற்றிய பத்திரிகைச் செய்தி, கச்சேரி அறிவிப்பு என்று அனைத்தையும் வெட்டி ஒட்டிச் சேர்த்து வைத்திருந்தார். அவர் மறைந்து இரண்டு தசாப்தங்களுக்குப் பின் விக்ரம் சம்பத் அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதியபோது அந்தச் சேகரிப்பே பெரிதும் கைகொடுத்தது. மற்றவர்களின் சாட்சியத்தில் தம் வாழ்க்கையை விட்டுச்செல்ல அந்த மனிதர் தயாராக இல்லை.

இந்தப் பிடிவாதத்தின் மீது எனக்கு மதிப்பு உண்டு. அச்சமும் உண்டு. தென்னூர் வீட்டுக் கூடத்தில் அன்று நான் செய்தது இதைத்தானே.

பின்னாளில் அந்தக் காலத்தைப் பற்றிப் படித்தேன். 1942 ஏப்ரல் தொடக்கத்தில் கொழும்பும், விசாகப்பட்டினமும், திருகோணமலையும் தாக்கப்பட்டன. அடுத்தது சென்னைதான் என்று அஞ்சிய அரசு, அவசியமில்லாதவர்கள் நகரைவிட்டு வெளியேறலாம் என்றது. சில நாள்களில் ஊரே காலியானது. குண்டு விழுந்தால் தப்பி ஓடுமே என்று உயிரியல் பூங்காவின் கொடிய விலங்குகளைச் சுட்டுக் கொன்றார்கள். ரயில்களில் நிற்க இடமில்லை. வயிற்றில் பிள்ளையோடு என் பாட்டி அப்படியொரு ரயிலில்தான் திருச்சி ஜங்ஷனில் வந்து இறங்கியிருக்க வேண்டும். குண்டு விழவில்லை. ஆனால் விழும் விழும் என்று ஒவ்வோர் இரவும் காத்திருந்து, அபாயச் சங்கு ஊதும்போதெல்லாம் விளக்கை அணைத்த ஒருத்திக்கு, 1943இல் ஒற்றை விமானம் வந்து துறைமுகப் பக்கம் சில குண்டுகளை வீசிச் சென்ற செய்தி தென்னூரில் கிடைத்தபோது, தான் அதுவரை கேளாமல் கேட்டுக்கொண்டிருந்த சத்தத்துக்கு ஒரு தேதி கிடைத்திருக்கலாம். ஜன்னல் அதிர்ந்தது இன்னும் பழையதாகவும் இருக்கலாம். 1914 செப்டம்பரில் எம்டன் கப்பல் சென்னையைத் தாக்கிய இரவில் பாட்டியின் அம்மா அங்கே இருந்தவர். அம்மாவிடம் கேட்ட அதிர்வு மகளின் ஜன்னலுக்கு இடம் மாறுவது அவ்வளவு பெரிய அதிசயமில்லை. இதெல்லாம் என் ஊகம். கேட்டுத் தெரிந்துகொள்ள அவர் இல்லை. நான் கேட்டிருக்கக்கூடிய நாள்களில் அவர் அதைப் பற்றிப் பேச மறுத்துவிட்டார்.

'அந்த நாள்' படத்தை அண்மையில் மீண்டும் பார்த்தேன். இம்முறை என் கவனம் சிவானந்தத்தின் மீது செல்லவில்லை. சாட்சி சொல்லி முடித்தவர்களின் முகங்களில் நின்றது. தாம் சொன்னது ஏற்கப்பட்டதா என்று தெரியாமல் நாற்காலியில் உட்கார்ந்திருக்கும் முகங்கள். அவற்றை பாலசந்தர் அவசரமாகக் கடந்துபோகவில்லை. மேடையிலும் பத்திரிகையிலும் அவரிடம் இல்லாத ஒரு பொறுமை கேமராவுக்குப் பின்னால் இருந்தபோது இருந்திருக்கிறது.

சித்தப்பாவுக்கு இப்போது வயது 80ஐக் கடந்துவிட்டது. உய்யகொண்டான் கரையில் காலை நடைக்குப் போய்விட்டு, உழவர் சந்தையில் கீரை வாங்கிக்கொண்டு எங்கள் வீட்டுக்கு வருவார். சென்ற மாதம் என் பேத்தியை மடியில் வைத்துக்கொண்டு, தான் அம்மாவின் வயிற்றில் இருக்கும்போதே ஜப்பான்காரன் போட்ட குண்டுச் சத்தத்தைக் கேட்டவன் என்று சொல்லிக்கொண்டிருந்தார். குழந்தை எவ்வளவு பெரிய சத்தம் என்று கேட்டது. அவர் ஜன்னலைக் காட்டினார். நான் காபி கொண்டுவர உள்ளே போனேன்.